ஒரே அறை, 36 பேர், 8 நிமிஷம்: கம்ப்யூட்டர் இல்லாத காலத்தில் ‘டேங்கோ’ எடுத்தது எப்படி?

ஒரு சின்ன அறை. ஜன்னல் வழியாக ஒரு பந்து உள்ளே வந்து விழுகிறது. ஒரு சிறுவன் ஏறிக் குதித்து, அதை எடுத்துக்கொண்டு போகிறான். மறுபடியும் பந்து வருகிறது, மறுபடியும் அவன் வருகிறான். அடுத்து கைக்குழந்தையோடு ஒரு அம்மா, பொட்டலத்தைத் தூக்கிப்போக ஒரு திருடன் என மொத்தம் 36 பேர். எல்லாரும் ஒரே அறைக்குள் சுற்றுகிறார்கள். ஆனால் ஒருத்தர் மேல் ஒருத்தர் இடிப்பதே இல்லை!

போலந்து இயக்குநர் ஸ்பிக்னியெவ் ரிப்சின்ஸ்கி, வூச் நகரின் சே-மா-ஃபோர் ஸ்டுடியோவில் 1980ல் உருவாக்கிய சோதனைக் குறும்படம்தான் இந்த ‘டேங்கோ’.

எப்படி எடுத்தார்?

36 பேரும் சேர்ந்து நடிக்கவில்லை. ஒவ்வொருத்தரையும் தனித்தனியாகப் படம்பிடித்தார். அப்படியே ஒன்றின் மேல் ஒன்றாகப் பதித்தால் எல்லாரும் ஆவி மாதிரி கலங்கித் தெரிவார்கள். அதனால் ஆள் இருக்கும் இடம் மட்டும் பதிவாகி மற்ற இடம் மறையும்படி, கண்ணாடித் தாள்களில் கையாலேயே மறைப்புகள் வரைந்தார். இதற்குப் பெயர் ‘மேட்’. பிறகு ஆப்டிகல் பிரின்டர் என்ற மெஷினில் ஒவ்வொரு ஆளாகப் புது ஃபிலிமில் சேர்த்தார்.

எவ்வளவு வேலை?

வரைந்த மேட்கள் சுமார் 16,000. மெஷினில் செய்த பதிவுகள் பல லட்சம். தினமும் 16 மணி நேரம் வீதம் 7 மாதம் ஆனது. நொடிக்கு 24 ஃபிரேம் என்றால் 8 நிமிஷத்துக்கு 11,500க்கும் மேல். ஒவ்வொரு ஃபிரேமிலும் யார் எங்கே இருக்க வேண்டும் என்று கணக்குப் போட வேண்டும். தப்பு நடந்தால் ‘அன்டூ’ கிடையாது.

ஆஸ்கர் இரவில் என்ன நடந்தது?

1983 ஏப்ரலில் சிறந்த அனிமேஷன் குறும்படத்துக்கான ஆஸ்கர் கிடைத்தது. விருது வாங்கியவர் சிகரெட் பிடிக்க வெளியே போனார். திரும்பி வந்தபோது காவலர்கள் உள்ளே விடவில்லை. தகராறு முற்றி, கைதாகி, அந்த இரவை அவர் கழித்தது போலீஸ் காவலில்!

இன்றைக்குப் பார்த்தால்?

இப்போது மொபைல் ஆப்பிலேயே ஒரே ஆளை நான்கு பேராகக் காட்டலாம். ‘டேங்கோ’வில் ஆட்களைச் சுற்றி மெல்லிய கறுப்புக் கோடு தெரியும், படம் லேசாக நடுங்கும். படம் பார்க்கும்போது அதைக் கவனியுங்கள். அது ஒரு மனிதர் கையால் வரைந்த தடம்.