கூலிப்படைத் தளபதியும் தென்னை வரியும்

புறக்கோட்டை என்னும் பெயரே ஒரு கோட்டையை நினைவூட்டுகிறது. 1796 பெப்ரவரியில் ஒல்லாந்தர் அதனை ஆங்கிலேயரிடம் ஒப்படைத்தனர். பெரும்போர் எதுவும் நிகழவில்லை. இலங்கையைக் காத்து நின்ற கூலிப்படையொன்று அதற்கு முன்னரே கைமாறிவிட்டது.

இன்றைய சுவிட்சர்லாந்தின் நியூஷாத்தெலைச் சேர்ந்த சார்ல்ஸ் டானியல் டி மியூரன் பிரபு 1781இல் ஒல்லாந்தக் கிழக்கிந்தியக் கம்பெனிக்காக அப்படையைத் திரட்டினார். 1795இல் ஹியூ கிளெக்கோர்ன் என்னும் ஸ்கொத்லாந்துப் பேராசிரியர் பேரம் பேசினார். படை ஆங்கிலேயருக்கு விலைபோயிற்று. ஒப்பந்தம் பிரபுவினுடையது, உயிர் சிப்பாயினுடையது.

இலங்கையில் அப்படையை நடத்திய தம்பி பியர் பிரெடெரிக்கும் எசமானரை மாற்றிக்கொண்டு, 1797இல் இங்கு இராணுவ ஆளுநரானார். அவ்வேளை நாடு கொதித்துக்கொண்டிருந்தது. தென்னை ஒவ்வொன்றுக்கும் ஆண்டுக்கு ஒரு வெள்ளிப் பணம் வரி! அதனைத் தண்டச் சென்னையிலிருந்து வந்த அலுவலருள் தமிழரும் இருந்தனர் என்பதை நாம் மறைக்கலாகாது. குடியானவர் கிளர்ந்தெழுந்தனர்.

காரணம் ஆராயும் குழுவுக்கு டி மியூரனே தலைவர். புதிய வரியை நீக்குமாறும் சென்னை அலுவலரை அகற்றுமாறும் குழு கூறியது. பழைய முதலியார்களின் அதிகாரத்தை மீட்டளிக்குமாறும் கூறியது. வரி நீங்கியது, குடியானவன் தோளிலிருந்து முதலியார் இறங்கவில்லை.

1799இல் அதே படை சீரங்கப்பட்டணத்தில் திப்புவுக்கெதிராக நின்றது. கூலி வாளுக்கு நாடில்லை. வரியை நீக்கியது தளபதியின் கருணையன்று, மக்களின் கிளர்ச்சியே. மாணவர்க்கு நாம் கற்பிக்கவேண்டிய வரலாறு இதுவே.