சூலும் சுமையும்

சூலுற்ற மகளிர் தம் உடலையும் தம்மையும் எங்ஙனம் உணர்ந்தனர் என்பது தமிழ் வரலாற்றில் ஆராயத்தக்கதொரு பொருளாகும். போரும் கொடையும் கூறும் சான்றுகளில் இதற்கு இடம் அரிது. ஆதலின் இலக்கியத்தையும் மக்கள் வழக்கையும் துணையாகக் கொள்வோம்.

தொல்காப்பியர் உரியியலில் வயா என்னும் சொல்லுக்கு மிக்க விருப்பம் எனப் பொருள் வகுத்தார். சூலுற்றாளின் விருப்பத்திற்கு இச்சொல் சிறப்பாக வழங்கிற்று. குறுங்கோழியூர் கிழார், யானைக்கட்சேய் மாந்தரஞ்சேரல் இரும்பொறையைப் பாடிய புறநானூற்று 20ஆம் பாட்டில், அவன் நாட்டு மண்ணை உண்பவர் வயவுற்ற மகளிரேயன்றிப் பகைவர் அல்லர் என்கின்றார். மண்ணுண்ணும் விருப்பம் இரும்புச்சத்துக் குறைவோடு தொடர்புடையது என்பர் இக்கால மருத்துவர். புலவர் அவ்விருப்பத்தை அறிந்திருந்தார். ஆயினும் ஈண்டு அது மன்னன் புகழுக்குக் கருவியாயிற்றேயன்றி, அப்பெண்ணின் உள்ளம் பேசப்பட்டிலது.

நற்றிணை 370ஆம் பாட்டு மகப்பேற்றுக்குப் பிற்பட்ட நிலையைக் காட்டுவது. புதல்வனைப் பெற்றதனால் பெயர் மாறி முதுபெண்டாகி உறங்குகின்றனையோ எனத் தலைவன் நகையாட, அவள் மெல்ல முறுவலித்துக் கண்களைக் கையால் மறைத்துக்கொள்கின்றாள். உடல் மாறியதோடு பெயரும் மாறிற்று என்பதைப் பிறர் வாயிற் கேட்டவளின் நாணம் அது. அதனையும் தலைவன் கூற்றாகவே நாம் அறிகின்றோம்.

குறுந்தொகை 287ஆம் பாட்டு இவற்றின் வேறானது. பாடியவர் கச்சிப்பேட்டு நன்னாகையார் என்னும் பெண்பாற் புலவர். நீர் நிறைந்து மேலெழ இயலாது குன்றை நோக்கிச் செல்லும் முகிலுக்கு, நிறைசுமை தாங்கித் தளர்ந்து, நடக்கலாற்றாது, பசும்புளியை விரும்பும் முதற்சூல் மகளிரை அவர் உவமையாக்கினார். உவமையே எனினும், விருப்பமும் தளர்ச்சியும் ஒருங்கே ஓருடலில் வைத்துரைக்கப்பட்டன. சூலுற்றவளை 'வாயும் வயிறுமாக இருக்கிறாள்' என்னும் மக்கள் வழக்கும் இவ்விரண்டனையும் இணைத்தே கூறுதல் காண்க. வாய் வேட்கைக்கும் வயிறு சுமைக்கும் உரியன.

இச்சுமை இறக்கப்படாமலே உயிர்நீத்த மகளிரையும் தமிழர் மறந்திலர். அவர் நினைவாக வழியோரத்திற் சுமைதாங்கிக் கல் நாட்டினர். நிறுத்திய இரு கற்களின்மேல் ஒரு கல் கிடத்தப்பெறும். தலைச்சுமையோடு வருவோர் பிறர் உதவியின்றி அதன்மேற் சுமையை இறக்கி, இளைப்பாறி, மீண்டும் ஏற்றிக்கொள்வர். வழிப்போக்கர் சுமை இறங்குந்தோறும் இறந்தவளின் சுமையும் இறங்கும் என்பது நம்பிக்கை. பாட்டில் உவமையாய் நின்ற பாரம், ஈண்டுத் தனியொருத்தி பட்ட துன்பமாகவே மதிக்கப்பட்டது. சூலுற்றோர் தம் உடலைச் சுமையாக உணர்ந்தனர் என்பதையும், ஊரார் அதனை அறிந்திருந்தனர் என்பதையும் இக்கல் உணர்த்துகின்றது எனக் கொள்ளுதல் பொருந்தும்.

ஊர்திகள் பெருகியபின் தலைச்சுமை வழக்கு அருகிற்று; சாலைகளை அகலமாக்குங்கால் இக்கற்கள் பெயர்த்தெறியப்படுதலும் உண்டு. கல் அகன்றால் அதன் பின்னுள்ள பெண்ணின் வரலாறும் உடன் மறையும். ஆதலின், தென்காசி மாவட்டத்தில் மேற்குத் தொடர்ச்சி மலையடியில் அமைந்த இராயகிரி, சிவகிரி முதலிய ஊர்களின் பழைய வழிகளில் இத்தகைய கற்கள் உளவோ எனத் தேடுதலும், உளவாயின் அவற்றைப் பற்றி அங்குள்ள முதிய மகளிர் கூறுவனவற்றைத் தொகுத்தலும் ஆராய்ச்சி மாணவர் உடன் மேற்கொள்ளத்தக்க பணிகளாகும். மகளிர் வாய்மொழியே நன்னாகையார் பாட்டுக்கு ஏற்ற உரையாகும் என்பது நம் கருத்து.