பெண்ணையாற்றின் நடுவே ஒரு நினைவுச்சின்னம்

தேசிய நினைவுச்சின்னம் என்றதும் நம் மனம் டில்லிக்கு ஓடுகிறது. 1931-ல் திறக்கப்பட்ட இந்தியா கேட்டில், முதல் உலகப் போர்க் காலத்தில் மாண்ட வீரருள் 13,000-க்கும் மேற்பட்டோரின் பெயர்கள் உள்ளன. அதனருகே 2019-ல் தேசியப் போர் நினைவகமும் எழுந்தது. ஆனால் மடிந்தவன் பெயரைக் கல்லில் எழுதும் வழக்கம் வெள்ளைக்காரரிடம் நாம் கற்றதன்று. கல்வராயன் மலைக்கு வடக்கே, செங்கம் வட்டாரத்தில், ஆநிரை மீட்டு மாண்ட எளிய வீரருக்குப் பல்லவர் காலத்திலேயே பெயர் பொறித்து நடுகல் நாட்டினர். அவற்றைத் தமிழ்நாடு தொல்பொருள் துறை 1972-ல் நூலாக வெளியிட்டது.

நம் மாவட்டத்திலேயோ, போரில் சாகாத ஒருவருக்கும் நினைவுக்கல் உண்டு. திருக்கோவலூரில் தென்பெண்ணையாற்றின் நடுவே, உச்சியில் சிறு கோயிலுடன் நிற்கும் பாறையே அது. கபிலக்கல் என்பர்.

பறம்புமலைப் பாரியை மூவேந்தரும் கொன்றபின், அவனுடைய பெண்மக்களை அழைத்துக்கொண்டு புலவர் கபிலர் ஊர் ஊராக நடந்தார். விச்சிக்கோன் மறுத்தான், இருங்கோவேளும் மறுத்தான். கடைசியில் அவர்களைப் பார்ப்பாரிடம் சேர்த்துவிட்டு, உண்ணாமல் வடக்கிருந்து உயிர் விட்டார் என்று புறநானூற்றுக் குறிப்பு கூறும். திருக்கோவலூர் வீரட்டானேசுவரர் கோயிலில் முதலாம் இராசராசன் காலக் கல்வெட்டோ, பாரி மகளை மலையமானுக்கு மணமுடித்துத் தீப்புகுந்தார் என்கிறது. எது உண்மையோ, நண்பனின் பிள்ளைகளைக் கரை சேர்க்கும்வரை அவர் சாகத் துணியவில்லை என்பதில் இரண்டும் ஒன்றே. தன்னுயிரைத் தானே மாய்ப்பதைத் திருச்சபை ஏற்பதில்லை. ஆயினும் அந்த நடைப்பயணத்தை மெச்சாத கிறிஸ்தவன் யார்?

அந்தப் பாறைக்குக் கபிலர் பெயர் நிலைத்தது எதனால்? வாய்வழியாய் வந்த கதையை ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் யாரோ ஒருவர் கோயில் சுவரில் வெட்டி வைத்ததாலன்றோ!

நம் கல்லறைத் தோட்டத்திலும் எழுத்து மங்கிய பழஞ்சிலுவைகள் பல உள்ளன. ஆலயத்துக்குக் கல் சுமந்தோரும், காலராவில் மாண்டோரும் அங்கே உறங்குகின்றனர். அவர்கள் பெயரறிந்த பெரியவர்கள் சிலர் இன்னும் நம்மிடையே இருக்கின்றனர். யூபிலிப் பந்தலுக்குப் பணம் திரட்டும் நாம், நோட்டுப் புத்தகத்துடன் இளைஞர் இருவரை அவர்களிடம் அனுப்பினால், வரும் கல்லறைத் திருநாளுக்குள் அந்தப் பெயர்களை எழுதி முடித்துவிடலாம்.