திரிவுக்காட்சி ஆராய்ச்சியின் வரலாறு

இப்பியை வெள்ளியென்றும் பழுதையைப் பாம்பென்றும் கொள்ளும் மயக்கவுணர்வு, பாரத நாட்டு அளவைநூலாரைப் பன்னூறாண்டுகள் வாதிட வைத்தது. கௌதமருடைய நியாய சூத்திரம் காட்சிக்கு இலக்கணங் கூறுங்கால் பிறழாமையை அதற்கு ஓர் அடையாக வைத்தது. அதற்குப் பாடியஞ் செய்த வாத்சியாயனர், கோடையில் நிலவெப்பத்தோடு கலந்து அலையுங் கதிர்களைச் சேய்மையில் நிற்பான் நீரென மயங்குதலை எடுத்துக்காட்டினார்.

பௌத்தருள் திந்நாகர், கற்பனை நீங்கியதே காட்சி என்ற அளவில் நின்றார். தருமகீர்த்தி அது போதாதெனக் கண்டு, மயக்கமற்றது என்னும் அடையையும் கூட்டினார். கண்ணோய், விரைந்த சுழற்சி, ஓடச்செலவு, உடற்கலக்கம் என மயக்கத்தின் காரணங்கள் சில அவர்தம் நியாயபிந்துவிற் காணப்படும். சுழற்றிய கொள்ளி வட்டமாகத் தோன்றும். ஓடத்திற் செல்வானுக்குக் கரைமரங்கள் ஓடும். ஆகவே குற்றம் பொறியில் மட்டும் உளதன்று. பொருளிலும், காண்பான் நிற்கும் இடத்திலும், உடலின் அகத்தும் உளதாம்.

தமிழில் மணிமேகலையின் 27-ஆம் காதையில் அளவைவாதி அளவைப்போலி எட்டினை எண்ணுகின்றான். இப்பியை வெள்ளியென்றல் திரியக்கோடல். தறியோ மகனோ என்றல் ஐயம். ஆராயாது தறியை மகனென்றே துணிதல் தேராது தெளிதல். இறுதியிற் கூறியதை வேறெண்ணியது மிகையெனச் சிலர்க்குத் தோன்றலாம். ஆயின் ஆராயாமை தனிக் குற்றமேயாம்.

13-ஆம் நூற்றாண்டில் அருணந்தி சிவாசாரியார், சிவஞான சித்தியாரின் அளவைப் பகுதியில் ஐயமும் திரிவும் நீங்கியதையே மாசற்ற காட்சியென வரையறுத்தார். பழுதையிற் பாம்பு தோன்றுதல்போல உலகமும் தோற்றமே என்பது மாயாவாதியின் கூற்று. அதனைப் பரபக்கத்தில் மறுத்தலே அவர்க்குப் பெரும்பொருள். பழுதையும் உள்ளது, பாம்பும் பிறிதோரிடத்துக் கண்டறியப்பட்டது; இரண்டும் இல்வழி ஒன்றை மற்றொன்றாகக் கொள்ளுமாறு யாங்ஙனம்? சித்தாந்தத்தில் மாயை பொய்த்தோற்றமன்று, உலகிற்கு முதற்காரணமாகிய உள்பொருள்.

மேனாட்டில் எல்ம்ஹோல்ட்சு, 1856 முதல் 1867 வரை வெளிவந்த தம் ஒளியியல் நூலில், காட்சியினுள் நாம் அறியாதே நிகழும் அனுமானம் உண்டென்றார். 1889-இல் முல்லர்-லையர் வரைந்து காட்டிய இரு கோடுகளோ வேறொன்றைப் புலப்படுத்தின. நீளத்தில் ஒத்த அக்கோடுகளின் முனைகளிற் சிறகுகள் ஒன்றில் உள்நோக்கியும் மற்றதில் வெளிநோக்கியும் அமைந்திருத்தலின், அவை ஒவ்வாதனவாகத் தோன்றும். பழுதைப்பாம்பு விளக்கு வந்துழி மறையும். இதுவோ அளந்தறிந்த பின்னரும் மறையாது. எனவே தோற்றந் தருங் கருவி வேறு, அதனை மெய்யன்றெனத் துணியும் அறிவு வேறு என்பது பெறப்படும். காணுங் கண்ணுக்குக் காட்டுவது உயிரென்று சிவஞானபோதம் 11-ஆம் சூத்திரத்துக் கூறியதும் இவ்வேற்றுமையை உட்கொண்டேயாம்.