விற்காதவனின் விலை

செவ்வாய்ப்பேட்டை மண்டியில் விலை என்பது இருவர் கூடிச் செய்யும் காரியம். படியவில்லையென்றால் மூட்டையை வண்டியிலேற்றித் திரும்பிவிடலாம். அப்படித் திரும்ப முடிவதும் விலையின் ஒரு பகுதிதான். நில ஆர்ஜிதச் சட்டத்தின் சரித்திரத்தைப் படிக்கையில் எனக்கு இந்த வண்டியே நினைவுக்கு வந்துகொண்டிருந்தது.

எடுக்கும் நிலத்துக்குச் ‘சந்தை மதிப்பு’ தரச் சொன்னது 1894ஆம் வருஷத்துச் சட்டம். விற்க இசைந்தவன், வாங்க இசைந்தவனிடம் பெறக்கூடிய விலை அது என்று கோர்ட்டுகள் வியாக்கியானம் செய்தன. இசையாதவனை இசைந்தவனாகப் பாவித்துக் கணக்குப் போடும் இத்தகைய கற்பனைத் துணிச்சல் நம் நாவல்களிலும் அபூர்வம். அது உறுத்தியிருக்கவும் வேண்டும். பலவந்தத்துக்காகச் சேர்க்கும் ஆறுதல் தொகை முதலில் நூற்றுக்கு 15, 1984இல் 30, 2013ஆம் வருஷச் சட்டத்தில் 100.

1939இல், விசாகப்பட்டினம் துறைமுகத்துக்கு எடுத்த நிலத்தின் வழக்கில், வாங்கக்கூடியவன் ஒருவனே, அவனே எடுத்துக்கொள்பவனும் என்றாலும் நிலத்தின் சாத்தியங்களுக்கு விலை உண்டு என்றது பிரிவி கவுன்சில். அந்த நிலத்தில் ஒரு நீரூற்று இருந்தது.

நடைமுறையில் மதிப்பு பெரும்பாலும் பக்கத்து நிலங்களின் கிரயப் பத்திரங்களிலிருந்து வருகிறது. குடியானவன் மாட்டிக்கொள்வது இங்கேதான். ஸ்டாம்ப் செலவுக்குப் பயந்து, கைமாறிய பணத்தில் ஒரு பங்கைப் பத்திரத்தில் எழுதாமல் விடுவது ஊரறிந்த வழக்கம். சர்க்காரை ஏய்க்க எழுதிய தொகையை சர்க்காரே பின்னால் சத்தியவாக்காக எடுத்து வாசிக்கிறது. எழுதினவன் ஒருவன்; இழப்பவன் பக்கத்துக் காட்டுக்காரன்.

2018இல் சேலம்–சென்னை எட்டுவழிச் சாலைக்காக, 277 கிலோமீட்டர் தூரத்துக்கு, வயல்களில் அளவுக்கல் நட வந்தார்கள். தர மாட்டோம் என்றவர்களுக்கு, தொகை கூடுதலாகக் கிடைக்கும் என்று பதில் வந்தது. அவர்கள் கேட்டது தொகையை அல்ல. 2019 ஏப்ரல் 8இல் சென்னை உயர்நீதிமன்றம் ரத்து செய்த அறிவிக்கைகளை, 2020 டிசம்பர் 8இல் உச்சநீதிமன்றம் செல்லுமென்றது. ஒரு விஷயத்தில் மட்டும் இரு கோர்ட்டுகளும் ஒத்துப்போயின: நிலம் கைக்கு வருமுன்பே வருவாய்ப் பதிவேட்டில் பெயரை மாற்றியது தவறு. விலை பேசுமுன்பே காகிதத்தில் விற்பனை முடிந்திருந்தது!

1894ஆம் வருஷச் சட்டத்தில் ஒரு சிறு நிபந்தனை உண்டு. 2013ஆம் வருஷச் சட்டத்திலும் அது நீடிக்கிறது. தொகையை வாங்கும்போது ‘ஆட்சேபணையுடன்’ பெற்றதாகப் பதிவு செய்யாதவன், பிறகு அதிகம் கேட்டு முறையிட முடியாது. திரும்பிப்போகும் வண்டி இங்கே இந்த ஒரு சொல்லாகச் சுருங்கியிருக்கிறது. அதையும் கையெழுத்துக்கு மேலே யாராவது சொல்லிக்கொடுத்தால்தான் எழுதுகிறார்கள்.