பதிமூணு ரூபாய் பாக்கியும் ஒரு திரில்லர் நாவலும்

இங்கிலீஷ் திரில்லர் படிக்கிற நம்மாட்களிடம், "பத்திரிகைக்காரரா இருந்து நாவல் எழுதப் போன பிரிட்டிஷ்காரர் யாரு?" என்று கேட்டுப் பாருங்கள். பத்தில் எட்டுப் பேர் ஃபிரடெரிக் ஃபோர்சித் என்பார்கள். 2025 ஜூனில் அவர் இறந்தபோது பேப்பரில் வந்த கதையெல்லாம் ஞாபகம் இருக்கும். ராய்ட்டர்ஸ், பிபிசி, 1967-ல் பயாஃப்ரா யுத்தம், அங்கே பார்த்ததை வைத்து ஒரு புத்தகம். அப்புறம் கையில் காசில்லாமல் லண்டன் திரும்பி, 1970 ஜனவரியில் உட்கார்ந்து 35 நாளில் 'டே ஆஃப் தி ஜக்கால்' எழுதினது. பெங்களூர் சர்ச் ஸ்ட்ரீட்டில் பழைய புத்தகம் தேடுகிறவர்கள் அந்த அட்டையைப் பார்க்காமல் வெளியே வர முடியாது.

ஆனால் அவருக்கு எழுபது வருஷம் முன்னாலேயே அதே ரூட்டில் ஒருத்தர் போயிருக்கிறார். யுத்தத்துக்குப் போய் பத்திரிகைக்கு எழுதி, கையில் காசில்லாமல், புரட்சி, சர்வாதிகாரி, துப்பாக்கிச் சூடு எல்லாம் வைத்து ஒரு நாவல். அதில் பெரும்பகுதியை எழுதினது இதே பெங்களூரில்தான். பெயர் வின்ஸ்டன் சர்ச்சில். ஆமாங்க, அந்த சர்ச்சிலேதான்.

கோவில்பட்டியை விட்டு இங்கே வந்து பதினேழு வருஷம் ஆகிறது. ஒயிட்ஃபீல்டில்தான் ஆபீஸ். இங்கே சர்ச்சில் என்றாலே ஆட்டோக்காரர் முதல் மேனேஜர் வரை சொல்லும் கதை ஒன்றுதான்: வேவர்லி இன் என்ற விடுதிக்காரரின் மகளைக் காதலித்தாராம். அது ஊர்க்கதை, இருக்கட்டும். இந்த நாவல் விஷயம் அதைவிட சுவாரசியம், ஆனால் யாரும் பேசுவதில்லை.

1896 அக்டோபரில் சர்ச்சில் பம்பாயில் வந்து இறங்கினார். நான்காம் ஹுஸார் குதிரைப்படையில் லெப்டினன்ட், வயது இருபத்தொன்று. அதற்கு முந்தின வருஷமே க்யூபாவுக்குப் போய் அங்கே நடந்த கலகத்தைப் பற்றி 'டெய்லி கிராஃபிக்' பத்திரிகைக்கு எழுதியிருந்தார், ஆக பத்திரிகை ருசி ஏற்கெனவே ஒட்டிக்கொண்டு விட்டது. படை பெங்களூர் கண்டோன்மென்ட்டுக்கு வந்தது. இரண்டு நண்பர்களோடு சேர்ந்து ஒரு பங்களா. ரோஸ் கலரும் வெள்ளையும் அடித்த சுவர், ஓட்டுக்கூரை, தூண் வைத்த வராந்தா, அதில் ஏறிப் படர்ந்த காகிதப்பூ, சுற்றி இரண்டு ஏக்கர் தோட்டம். முன்னால் குடியிருந்தவர் விட்டுப் போன ரோஜாச் செடிகள் மட்டும் நூற்றைம்பது! (1,200 சதுர அடிக்கு நாம் கட்டும் இஎம்ஐயை நினைத்துக்கொண்டு மேலே படிக்கவும்.)

ஆளுக்கு ஒரு பட்லர், உடை மாட்டிவிட ஒரு பையன், குதிரைக்காரர்கள். பொதுவில் இரண்டு தோட்டக்காரர், தண்ணீர் தூக்க மூன்று பேர், துணி வெளுக்க நாலு பேர், ஒரு காவல்காரர். இந்தக் கணக்கை எழுதி வைத்தது அவரேதான்.

பணம்? சம்பளம் நாளைக்கு 14 ஷில்லிங், குதிரைகளுக்கு மாதம் சுமார் 3 பவுண்டு, வீட்டிலிருந்து வருஷத்துக்கு 500 பவுண்டு. ஆனால் போலோ குதிரைகளுக்கும் பந்தாவுக்கும் அது பத்தவில்லை, எனவே உள்ளூர் வட்டிக்காரர்களிடம் கடன். அப்பா ராண்டால்ஃப் சர்ச்சில் இறந்துவிட்டார், அம்மாவும் கடனில். பார்லிமென்ட்டுக்குப் போக வேண்டும் என்ற வெறி இருக்கிறது. அங்கே எம்.பி.க்களுக்கு 1911 வரை சம்பளமே கிடையாது. ஆக, பெயரும் வேண்டும், துட்டும் வேண்டும். இரண்டையும் ஒன்றாகத் தரக்கூடிய சாமான் அவர் கையில் ஒன்றுதான் இருந்தது. பேனா.

அதற்கு நேரத்தைக் கொடுத்தது பெங்களூர். காலை ஆறு மணிக்குப் பரேடு, பத்தரைக்குள் லாயத்து வேலை முடிந்துவிடும். சாயங்காலம் போலோவுக்கு ஐந்து மணி. நடுவில் வெயிலுக்குப் பயந்து வீட்டுக்குள் கிடக்கும் நேரம் முழுக்கச் சும்மா. காலேஜ் பக்கம் போகாத ஆள், அம்மாவுக்கு எழுதி கிப்பன், மெக்காலே, பிளேட்டோ என்று பெட்டி பெட்டியாக வரவழைத்து நாளைக்கு நாலைந்து மணி நேரம் படித்தார். 1897 ஆகஸ்ட் வாக்கில் நாவலையும் ஆரம்பித்துவிட்டார்.

சில அத்தியாயம் ஓடியிருக்கும், அதற்குள் வடமேற்கு எல்லையில் பட்டாணியர் கிளர்ச்சி. தெரிந்த ஜெனரல் ஒருவர், "பத்திரிகைக்காரனா வேணா வா" என்று சொல்ல, நாவலை அப்படியே போட்டுவிட்டுக் கிளம்பிவிட்டார். பெங்களூர் ஸ்டேஷனில் எவ்வளவு தூரம் என்று கேட்டதற்கு, டிக்கெட் கொடுத்தவர் புத்தகத்தைப் புரட்டி முகத்தில் ஒரு மாற்றமும் இல்லாமல் 2,028 மைல் என்றாராம். ஐந்து நாள் ரயில்.

அலகாபாத் 'பயனியர்' பேப்பருக்கு நிருபர். லண்டன் 'டெய்லி டெலிகிராஃப்'பை அம்மா பேசி முடித்தார், பத்திக்கு 5 பவுண்டு. சர்ச்சிலுக்கு ரேட் குறைவு என்று கோபம். அதைவிடப் பெரிய கோபம், கடிதங்கள் அவர் பெயரில்லாமல் 'ஓர் இளம் அதிகாரி' என்று வந்ததில். வாக்காளர்கள் கண்ணில் தன் பெயர் படவேண்டும் என்றுதான் எழுதியதாக அம்மாவிடமே பச்சையாகச் சொல்லிவிட்டார். செய்தி என்பது அவருக்கு விசிட்டிங் கார்டு.

இங்கேதான் எனக்கு உறுத்துகிறது. 1897 செப்டம்பரில் மாமுந்த் பள்ளத்தாக்கில் படையினர் ஊர் ஊராகப் போய் வீட்டை இடித்து, கிணற்றைத் தூர்த்து, நிழல் மரங்களை வெட்டி, பயிருக்குத் தீ வைத்தார்கள். அவர் கூடவே இருந்தார். பிற்பாடு சுயசரிதையில் இதை ஒரு பட்டியலாகவே எழுதியும் இருக்கிறார், ஒளிக்கவில்லை. ஆனால் அந்த ஊர்க்காரன் ஒருத்தனுடைய குரல்கூட அதில் கிடையாது. பத்திரிகைக்காரனாகப் போனவருக்கு, வீடு போனவனிடம் நாலு வார்த்தை கேட்க வேண்டும் என்று தோன்றவில்லை.

அக்டோபரில் பெங்களூர் திரும்பினால் இன்னொரு தலைவலி. 'டைம்ஸ்' பத்திரிகைக்கு எழுதிய ஃபின்கேசில் பிரபுவும் அதே யுத்தத்தைப் பற்றிப் புத்தகம் எழுதுகிறார் என்று தகவல். முந்திக்கொள்ள வேண்டுமே! நாவல் மறுபடி மூலைக்குப் போனது. அரக்கப் பரக்க எழுதி வருஷக் கடைசியில் லண்டனுக்கு அனுப்பி, 1898 மார்ச்சில் 'மலகண்ட் களப்படையின் கதை' வெளிவந்தது. நேரமில்லாததால் புரூஃப் பார்க்கும் வேலையை உறவினர் ஒருவரிடம் விட்டதில் எழுத்துப்பிழை மலிந்து, மனிதர் பெங்களூரில் உட்கார்ந்து கொதித்தார். ஆனால் புத்தகம் ஓடியது. பிரதமர் சாலிஸ்பரி படித்துவிட்டுக் கூப்பிட்டுப் பேசுகிற அளவுக்கு.

அதற்கப்புறம்தான் நாவலை முடித்தார். முதலில் வைத்திருந்த தலைப்பு 'அரசு விவகாரங்கள்', கடைசியில் 'சவ்ரோலா' ஆனது.

கதை இதுதான். லாரானியா என்று மத்தியதரைக் கடலோரம் ஒரு கற்பனை நாடு. (1894-ல் வந்த 'பிரிசனர் ஆஃப் ஜெண்டா'வின் புண்ணியத்தில் அப்போது கற்பனை நாட்டுக் கதைகளுக்கு நல்ல மவுசு.) மொலாரா என்ற சர்வாதிகாரி. எதிர்க்கட்சித் தலைவன் சவ்ரோலா, இளைஞன், பேச்சாளன், புத்தகப் பிரியன். அதாவது சர்ச்சில் தன்னை எப்படிக் கற்பனை பண்ணிக்கொண்டாரோ அப்படி :-) அவனிடம் ரகசியம் கறக்கத் தன் அழகான மனைவி லூசிலையே அனுப்புகிறான் மொலாரா. அவர்கள் நிஜமாகவே காதலித்துவிடுகிறார்கள். புரட்சி வெடிக்கிறது, தெருச்சண்டை, அரண்மனை முற்றுகை, வாசற்படியிலேயே சர்வாதிகாரி சாகிறான். கடைசியில் அரசாங்கக் கப்பற்படை வந்து தலைநகரத்தின் மேலேயே குண்டு போடுகிறது.

முழுசும் படித்தேன். தெருச்சண்டையும் கப்பல் காட்சிகளும் இன்றைக்கும் விறுவிறு. குண்டுச் சத்தம் கேட்டவன் எழுதினது என்று தெரிகிறது. காதல் காட்சி வந்தால் கொட்டாவி. இது என் அபிப்பிராயம் மட்டுமில்லை. கையெழுத்துப் பிரதியைப் படித்த அவருடைய பாட்டி, மார்ல்பரோ சீமாட்டி, உனக்குப் பெண்களைப் பற்றி ஒன்றும் தெரியாது, காதல் அனுபவமும் இல்லை, அது வரைக்கும் எனக்கு நிம்மதி என்கிற தொனியில் பதில் போட்டார். இதைவிடப் பெரிய விமர்சனம் அந்த நாவலுக்கு வந்ததாகத் தெரியவில்லை.

நாவலை ஆரம்பிக்கிற சம்பவத்தை நினைத்துத்தான் இந்தப் பதிவே. மொலாரா தேர்தல் நடத்துவதாக வாக்குக் கொடுக்கிறான், ஆனால் வாக்காளர் பட்டியலைத் திருத்துகிறேன் என்று பாதிக்கு மேல் பெயர்களை நீக்கிவிடுகிறான். ஜனங்கள் தெருவுக்கு வருகிறார்கள், ராணுவம் சுடுகிறது. படித்ததும் நிமிர்ந்து உட்கார்ந்தேன். நேற்றைய பேப்பர் மாதிரி இல்லையா? இருபத்துமூன்று வயசு ஆசிரியர் முழுக்க முழுக்க ஜனங்கள் பக்கம். பட்டியலில் பெயர் போனதற்காக ஒரு நாடே எழுந்து நிற்கலாம், அதில் தப்பே இல்லை என்கிறார்.

எழுதின இடத்தைக் கொஞ்சம் பாருங்கள். 1809-ல் உருவான கண்டோன்மென்ட்டில் பெரும்பாலும் நம்ம ஜனங்கள்தான். மதராஸ் படைகளோடும் அதன் பின்னாலும் வந்து அல்சூரிலும், இப்போது சிவாஜிநகர் என்கிற பகுதியிலும் தங்கினவர்கள். சமையல், சலவை, தோட்டம், கட்டட வேலை, எல்லாம். மைசூர் ராஜ்ஜியத்துக்கு 1881-லேயே ஒரு பிரஜாபிரதிநிதி சபை வந்துவிட்டது, ஆனால் அது நிலக்காரர்களும் வியாபாரிகளும் உட்காரும் இடம். அந்த நூற்றைம்பது ரோஜாவுக்குத் தண்ணீர் விட்டவரின் பெயரை எந்தப் பட்டியலிலிருந்தும் நீக்க முடியாது. ஏனென்றால் அது எந்தப் பட்டியலிலும் இல்லை. ஜன்னலுக்கு வெளியே அவர் நின்றுகொண்டிருக்க, உள்ளே ஒருத்தர் இல்லாத நாட்டின் ஓட்டுரிமைக்காகப் பக்கம் பக்கமாகக் கொதித்துக்கொண்டிருக்கிறார். நாவலில் பெங்களூர் ஒரு வரிகூடக் கிடையாது. புத்தகத்தைப் படை அதிகாரிகளுக்குச் சமர்ப்பணம் செய்திருக்கிறார்.

அப்புறம் நடந்ததை வேகமாகச் சொல்லிவிடுகிறேன். 1898-ல் சூடான் யுத்தம். 'மார்னிங் போஸ்ட்' இப்போது பத்திக்கு 15 பவுண்டு தருகிறது. 1899 மார்ச்சில் ராணுவ வேலையை விட இந்தியாவை விட்டுக் கிளம்பினார். அந்த மே மாதம் முதல் டிசம்பர் வரை 'மேக்மில்லன்ஸ்' இதழில் 'சவ்ரோலா' தொடராக வந்தது, அதற்கு 100 பவுண்டு. நடுவில் ஒரு தமாஷ்: அமெரிக்காவில் இதே பெயரில் இன்னொரு வின்ஸ்டன் சர்ச்சில், இவரைவிடப் பிரபலமான நாவலாசிரியர்! இவரே அவருக்குக் கடிதம் போட்டு, இனிமேல் நான் 'வின்ஸ்டன் ஸ்பென்சர் சர்ச்சில்' என்று கையெழுத்துப் போடுகிறேன் என்று சமரசம் செய்துகொண்டார்.

இவர் போன பிறகு, 1899 ஜூனில், இன்றைக்கு பெங்களூர் கிளப் என்கிற யுனைடெட் சர்வீஸ் கிளப்பில் வராக்கடன் பட்டியல் எழுதினார்கள். பதினேழு பேர். அதில் லெப்டினன்ட் சர்ச்சில், 13 ரூபாய். அன்றைய மாற்று விகிதத்தில் பவுண்டுக்கு 15 ரூபாய், ஆக 'டெலிகிராஃப்'புக்கு எழுதிய ஒரே ஒரு பத்தியில் இந்த பாக்கியை ஐந்து தடவைக்கு மேல் அடைத்திருக்கலாம். அந்தப் பேரேட்டை கிளப் இன்னும் பத்திரமாக வைத்திருக்கிறது. கட்ட முன்வந்தவர்களிடம் வாங்க மறுத்துவிட்டது என்பார்கள். வாங்கினால் கதை போய்விடுமே!

நாவல் மொத்தமாகப் பல வருஷங்களில் சுமார் 700 பவுண்டு சம்பாதித்துக் கொடுத்தது. ஆனால் புத்தகமாக வரும்போது அவர் தென்னாப்பிரிக்காவில் போயர் யுத்தத்தில் இருந்தார், 'மார்னிங் போஸ்ட்' சம்பளம் மாதம் 250 பவுண்டு. நவம்பர் 15-ம் தேதி பிடிபட்டார், டிசம்பர் 12 ராத்திரி பிரிட்டோரியா சிறையில் சுவரேறிக் குதித்துத் தப்பினார், தலைக்கு 25 பவுண்டு விலை. லாரானியாவில் கற்பனை பண்ணினதைவிடப் பெரிய திரில்லர் தன் பெயரோடு பேப்பரிலேயே வந்துவிட்டது. 1900 அக்டோபரில் ஓல்டம் தொகுதி எம்.பி. ஃபோர்சித்துக்கு நிஜம் காசு தராதபோது கற்பனை கைகொடுத்தது. இவருக்கு நேர் எதிர், நிஜமே நல்ல விலைக்குப் போனது. இரண்டாவது நாவலை எழுதவே இல்லை. 1930-ல் வந்த சுயசரிதையில், அதைப் படிக்காதீர்கள் என்று நண்பர்களைத் தடுத்து வருவதாகவே எழுதிவிட்டார். 1953-ல் இலக்கிய நோபல் வாங்கினபோது அந்தக் கணக்கில் 'சவ்ரோலா'வுக்குப் பெரிய பங்கு இருந்திருக்காது.

1943-ல் வங்காளத்தில் பஞ்சம், சுமார் 30 லட்சம் பேர் செத்தார்கள். லண்டனில் பிரதமர் இவர். இங்கிருந்து கேட்ட அளவு தானியத்துக்கு அவருடைய போர் அமைச்சரவை கப்பல் ஒதுக்கவில்லை. கல்கத்தாவில் அப்போது 'ஸ்டேட்ஸ்மன்' பேப்பருக்கு ஆசிரியராக இருந்ததும் ஒரு பிரிட்டிஷ் பத்திரிகைக்காரர்தான், இயன் ஸ்டீபன்ஸ். யுத்த காலத் தணிக்கை இருந்தும், தெருவில் பட்டினியால் விழுந்து கிடந்தவர்களின் போட்டோக்களை அந்த ஆகஸ்ட் 22-ம் தேதி ஞாயிற்றுக்கிழமைப் பேப்பரில் போட்டார். அடுத்த ஞாயிறும் போட்டார்.