மூச்சை அளந்தவர்களின் கணக்கு

மூச்சுக்குச் சாதி உண்டா என்று கேட்டால் சிரிப்பார்கள். ஆனால் மூச்சை அளக்கிற கருவிக்குள் நூறு வருஷத்துக்கும் மேலாக இனம் உட்கார்ந்திருந்தது. கறுப்பு மனிதர் ஊதினால் ஒரு கணக்கு, வெள்ளை மனிதர் ஊதினால் வேறு கணக்கு. 2023 வரைக்கும் மருத்துவச் சங்கங்களின் நெறிமுறையிலேயே இது இருந்தது. இந்தக் கணக்கு எங்கிருந்து வந்தது, யாருக்கு லாபமாக இருந்தது, நம்மை எப்படித் தொட்டது என்று பார்க்க வேண்டியிருக்கிறது.

கருவியின் பெயர் ஸ்பைரோமீட்டர். அதற்கு இந்தப் பெயரை வைத்துப் புழக்கத்துக்குக் கொண்டுவந்தவர் இங்கிலாந்து மருத்துவர் ஜான் ஹட்சின்சன். 1846இல் இதைப் பற்றிய நீண்ட கட்டுரையை வெளியிட்டார். தண்ணீர்த் தொட்டிக்குள் கவிழ்த்து வைத்த ஒரு பாத்திரம், கப்பி, எதிர் எடை. அவ்வளவுதான். நெஞ்சு கொள்ளுமட்டும் மூச்சை இழுத்து, ஒட்ட ஊத வேண்டும். பாத்திரம் எவ்வளவு எழும்புகிறதோ அவ்வளவு காற்று. அந்த அளவுக்கு 'உயிர்ப்புத் திறன்' என்று பெயர்.

ஹட்சின்சன் இரண்டாயிரத்துக்கும் மேற்பட்டவர்களை ஊத வைத்தார். மாலுமிகள், தீயணைப்பு வீரர்கள், போலீஸ்காரர்கள், அச்சுக்கோப்பவர்கள், பரம ஏழைகள், கனவான்கள் என்று தொழில்வாரியாகப் பிரித்து எழுதிவைத்தார். உயரம் கூடக்கூட அளவு கூடுகிறது என்று கண்டார்: 5 அடியிலிருந்து 6 அடிவரை, அங்குலத்துக்கு 8 கன அங்குலக் காற்று. காசநோயை முன்கூட்டியே கண்டுபிடிக்க இது உதவும் என்றும் நம்பினார். அவர் ஆயுள் காப்பீட்டுக் கம்பெனிக்கு மருத்துவராக இருந்தவர் என்பதையும் சேர்த்துப் படிக்க வேண்டும். யாருக்குப் பாலிசி கொடுக்கலாம், யார் சீக்கிரம் சாவான் என்கிற கேள்வி கருவியோடு கூடவே பிறந்தது.

அடுத்து இந்தக் கருவி போய்ச் சேர்ந்த இடம் அமெரிக்காவின் தென்மாநிலங்கள், அடிமைகளின் வியர்வையில் பருத்தி விளைந்த மண். கறுப்பர்களின் நுரையீரல் அமைப்பே வேறு என்கிற பேச்சு அங்கே ஏற்கெனவே இருந்தது. பின்னாளில் ஜனாதிபதியான தாமஸ் ஜெபர்சன், 1780களில் வர்ஜீனியா பற்றி எழுதிய நூலிலேயே அப்படி ஊகித்திருந்தார். ஊகத்துக்கு எண் கொடுத்தவர் லூசியானா மருத்துவர் சாமுவேல் கார்ட்ரைட். கறுப்பர்களின் நுரையீரல் கொள்ளளவு வெள்ளையர்களுடையதைவிட 100க்கு 20 குறைவு என்று 1851இல் எழுதினார். அதோடு விட்டாரா? வெள்ளை எஜமானன் அதட்டி வேலை வாங்கினால்தான் அவர்களுக்கு மூச்சு நன்றாக ஓடி ரத்தம் சுத்தமாகும் என்றார். அதாவது அடிமைத்தனம் ஒரு வைத்தியம்! அடிமைகள் தப்பி ஓடுவதை ஒரு மனநோய் என்று சொல்லி, அதற்கு 'டிராப்பிட்டோமேனியா' என்று பெயர் வைத்தவரும் இதே ஆள்தான். சாட்டையடியையும் மருந்தாக எழுதிக்கொடுத்தார்.

உள்நாட்டுப் போர் முடிந்து அடிமைமுறை ஒழிந்தது. கணக்கு ஒழியவில்லை. பெஞ்சமின் கௌல்டு என்கிற வானியல் அறிஞர் படைவீரர்களின் உடல் அளவுகளைத் தொகுத்து 1869இல் பெரிய நூலாக வெளியிட்டார். அதிலும் கறுப்பு வீரர்களின் கொள்ளளவு குறைவாகவே இருந்தது. நேற்றுவரை விலங்கில் கிடந்தவன், அரைவயிறு உண்டவன், நோய் பரவிய முகாமில் கிடந்தவன் என்கிற எதுவும் அந்த அட்டவணையில் ஒரு பத்தியாகக்கூட ஏறவில்லை. காப்பீட்டுக் கம்பெனியின் புள்ளியியலாளர் பிரெடரிக் ஹாஃப்மன் 1896இல் அந்த எண்களை எடுத்துவைத்துக்கொண்டு, இந்த இனமே அழிந்துபோகும் போக்கில் இருக்கிறது என்று எழுதினார்.

கறுப்பு அறிவாளிகள் சும்மா இருக்கவில்லை. கெல்லி மில்லரும் டபிள்யூ. இ. பி. டுபாய்சும் 1897இலேயே மறுப்பு எழுதினார்கள். ஐரோப்பிய நகரங்கள் சிலவற்றில் வெள்ளையர்களும் இதே கணக்கில் செத்துக்கொண்டிருந்ததை டுபாய்ஸ் எடுத்துக்காட்டினார். காரணம் ரத்தத்தில் இல்லை, வாழ்நிலையில் இருக்கிறது என்பது அவர் வாதம். வாதம் பதில் இல்லாமல் நின்றது, எண் மட்டும் பாடநூலுக்குள் போனது.

இருபதாம் நூற்றாண்டில் இந்த எண்ணுக்குப் புது வேலை கிடைத்தது. 1974இல் ராசிட்டரும் வெயிலும் ஆஸ்பெஸ்டாஸ் சிமெண்ட் தொழிலாளர்களின் அளவுகளை வைத்து, இனத்துக்கு 100க்கு 13 போல வித்தியாசம் என்று சொன்னார்கள். 1978இல் அமெரிக்க அரசின் பஞ்சுத்தூசி விதி கறுப்புத் தொழிலாளர்களுக்கு இயல்பு அளவில் 15 சதவீதம் குறைத்துக் கணக்கிடச் சொன்னது.

இதன் பொருளைக் கணக்குப் போட்டால்தான் புரியும். ஒரு உயரத்துக்கு, ஒரு வயசுக்கு, வெள்ளையருக்கு இயல்பு 4 லிட்டர் என்று வைப்போம். ஒரு தொழிலாளி 3 லிட்டர் ஊதுகிறார். 75 சதவீதம். எண்பதுக்குக் கீழே போனால் கோளாறு என்பது நெடுங்கால வழக்கம். ஆக, அவர் நோயாளி. அதே உயரம், அதே வயசு, அதே 3 லிட்டர், ஆனால் ஆள் கறுப்பர். அவருக்கு இயல்பு 3.4 லிட்டர் ஆகிவிடுகிறது. 3 லிட்டர் இப்போது 88 சதவீதம். 'நல்லாத்தான் இருக்கே, வேலைக்குப் போ.' நோய் காகிதத்திலேயே குணமாகிவிட்டது.

அந்தத் தென்மாநில மில்களில் கறுப்பர்களுக்கு நெடுங்காலம் கிடைத்தது எந்த வேலை? பஞ்சுப் பொதியைப் பிரிக்கிற இடம், கார்டிங், முற்றத்துக் கூலி. நம்ம ஊர் மில்லுக்காரர்களைக் கேளுங்கள், புளோரூமும் கார்டிங்கும் எப்படிப்பட்ட தூசி என்று சொல்வார்கள். தூசியை அதிகம் தின்ன வைத்தவர்களுக்கே இயல்பையும் குறைத்து வைத்தார்கள். 1999இல் ஓவன்ஸ் கார்னிங் கம்பெனி, ஆஸ்பெஸ்டாஸ் வழக்குகளில் கறுப்பர்களுக்குத் தனி அளவுகோல் வேண்டும் என்று பால்டிமோர் நீதிமன்றத்தில் கேட்டது. நீதிமன்றம் ஏற்கவில்லை. ஆனால் கேட்கிற துணிச்சலை யார் கொடுத்தது? அந்த அட்டவணைதான்.

அளவில் வித்தியாசம் தெரிவதே பொய் என்று நான் சொல்லவரவில்லை. தெரிகிறது. காலுக்கும் உடம்புக்குமான விகிதம் அதில் ஒரு பகுதியை விளக்குகிறது. மீதியில் சின்ன வயசுப் பசி, அடுப்புப் புகை, குடியிருப்பு, வேலைத் தூசி எல்லாம் கலந்து கிடக்கின்றன. பிரித்துப் பார்க்காமல் மொத்தத்தையும் 'இனம்' என்கிற ஒரே மூட்டையில் கட்டியதுதான் மோசடி.

நம் பக்கத்துக்கு வருவோம். உடம்பை அளந்து மனிதரைத் தரம்பிரிக்கிற வேலை நமக்குப் புதிதில்லை. ரிஸ்லி மூக்கை அளந்து சாதிகளை வரிசைப்படுத்தினார். சென்னை அருங்காட்சியகத்தில் இருந்த தர்ஸ்டனும் அளவுகோலோடு அலைந்தார். அண்ணல் அம்பேத்கர் 1948இல் தீண்டப்படாதோர் பற்றிய நூலில் அதே மூக்களவுகளை எடுத்துவைத்து, பிராமணரும் தீண்டப்படாதாரும் வேறு இனம் என்கிற கதையை உடைத்தார்.

மூச்சளவும் இங்கே வந்தது. 1932இல் கிருஷ்ணனும் வரீதும் தென்னிந்திய ஆண் மருத்துவ மாணவர்கள் 103 பேரை அளந்து வெளியிட்டார்கள். அதே வருஷம் மேசன் என்பவர் தென்னிந்தியப் பெண்களுக்கான அளவைத் தந்தார். 1990இல் விஜயனும் உடன் பணியாற்றியவர்களும் சென்னையின் ஆரோக்கியமான இளைஞர்களை அளந்து எழுதினார்கள். இவை தேவையான வேலைகள், குறை சொல்வதற்கில்லை. ஆனால் 1932இல் மருத்துவக் கல்லூரி வாசலை மிதித்த 103 பேரில் சேரியிலிருந்து வந்தவர்கள் எத்தனை பேர் இருந்திருப்பார்கள்? வாசகரே யோசிக்கலாம். உள்ளூர் அளவு இல்லாத இடங்களில், வெள்ளையர் அளவை 100க்கு 90 என்று குறைத்து 'இந்தியருக்கு' வைத்துக்கொள்கிற வழக்கமும் இருந்தது. 2012இல் உலகளாவிய சமன்பாடுகள் வந்தபோது நமக்குத் தனிப்பெயர்கூட இல்லை, 'மற்றவர்' என்கிற கட்டத்தில் விழுந்தோம்.

எங்கப்பா முப்பது வருஷம் கல் உடைத்தவர். 'மூச்சு பாதியில நின்னுடுதுடா' என்பார். ஊரில் அதை இளைப்பு என்பார்கள், பீடி குடிச்சா அப்படித்தான் என்பார்கள். ஒரு ஆஸ்பத்திரியில் குழாயை வாயில் கொடுத்து, 'ஊதுங்க, விடாம ஊதுங்க' என்றார்கள். வந்த தாளில் வயசு, உயரம், எடை, இனம் எல்லாவற்றுக்கும் கட்டம் இருந்தது. என்ன வேலை, எத்தனை வருஷம் என்பதற்குக் கட்டம் இல்லை. கேட்கவும் இல்லை. சிலிக்கோசிசும் பஞ்சுத்தூசி நோயும் 1948 தொழிற்சாலைச் சட்டத்தின் அட்டவணையிலேயே இடம்பெற்றவை. தினக்கூலிக்குக் கல் உடைத்தவனுக்கு எந்தப் பதிவேட்டில் பெயர் இருந்தது, நஷ்டஈடு கேட்க?

இன்னொரு கருவியையும் இங்கே சொல்லியாக வேண்டும். விரலில் மாட்டுகிற ஆக்சிமீட்டர், 2020 கொரோனாவில் வீடுவீடாக வந்தது. அது ஒளியைத் தோல் வழியே செலுத்தி ரத்தத்தின் ஆக்சிஜனை அளக்கிறது. தோலின் நிறம் உண்மையிலேயே குறுக்கிடக்கூடிய கருவி இதுதான். 2020இல் வந்த அமெரிக்க ஆய்வு ஒன்று, ஆக்சிஜன் குறைந்திருந்தும் கருவி நல்ல எண் காட்டிய சம்பவம் வெள்ளையர்களைவிடக் கறுப்பு நோயாளிகளிடம் ஏறக்குறைய மூன்று மடங்கு அதிகம் என்று காட்டியது. நிறத்துக்குச் சம்பந்தமில்லாத நுரையீரலில் நிறத்தைத் தேடினார்கள். நிறம் சம்பந்தப்பட்ட இடத்தில் அதை மறந்தார்கள். இரண்டிலும் நோய் மறைந்தது யாருக்கு என்று பாருங்கள்.

2022இல் இனம் கேட்காத பொதுச் சமன்பாடு வெளியானது. 2023இல் அமெரிக்க மார்புநோய்ச் சங்கம் அதையே பயன்படுத்தச் சொன்னது. இதனால் கறுப்பு முன்னாள் படைவீரர்களுக்கு வருஷத்துக்கு 100 கோடி டாலருக்கும் மேல் ஊன உதவித்தொகை கூடலாம் என்று 2024இல் ஓர் ஆய்வு மதிப்பிட்டது. இத்தனை நாள் பிடித்து வைத்திருந்தது எவ்வளவு என்பதற்கு அதுவே சாட்சி. இதற்கு மறுபக்கமும் உண்டு. எண் குறைவாகத் தெரிந்தால் சிலருக்கு வேலை மறுக்கப்படலாம், நுரையீரல் அறுவைசிகிச்சை தள்ளிப்போகலாம். ஆகவே சமன்பாட்டை மாற்றினால் போதும் என்று உட்கார்ந்துவிட முடியாது.

நாம் கேட்க வேண்டியது எளிய விஷயம். கல்குவாரியில், கிரஷரில், மில்லில், சாக்கடை வேலையில் சேருகிற அன்றே ஒரு தடவை ஊத வைத்து எழுதி வை. வருஷா வருஷம் ஊத வை. அவன் மூச்சை அவனுடைய பழைய மூச்சோடு ஒப்பிடு. வெள்ளைக்காரனும் வேண்டாம், 'இந்தியர்' என்கிற சராசரியும் வேண்டாம். தாளில் இனம் என்று இருக்கிற கட்டத்தை அடித்துவிட்டு, அந்த இடத்தில் வேலை என்று எழுது. அப்படி எழுதினால் குறைந்துபோன மூச்சுக்கு யார் பொறுப்பு என்று கேட்டாக வேண்டும். கேட்டால் பணம் கொடுக்க வேண்டியிருக்கும்.